நாலாவது சுவர் எம்புட்டு உசரம்?

கோரிப்பாளையம் சிக்னலில் நின்றுகொண்டிருந்தபோது கைபேசி அடித்தது. முன்னால் ஷேர் ஆட்டோ, பின்னால் டவுன் பஸ், பக்கத்தில் பிரியாணி அண்டா ஏற்றிய மினி வேன். பச்சை விளக்கு எரிந்தாலும் நகர மனசு வராத வாசனை. ஹெல்மெட்டுக்குள் கைபேசியைச் செருகி "ஹலோ" என்றேன். போக்குவரத்துக் காவலர்கள் இதைப் படித்தால் மன்னிக்கவும். வண்டி நின்றுகொண்டுதான் இருந்தது.

"சார், மொக்கச்சாமி பேசுறேன், பந்தல் கான்ட்ராக்ட்டு. ஒரு சந்தேகம். அந்த நாலாவது சுவரு எம்புட்டு உசரம் சார்?"

எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது. பதினாறு வருடமாகக் கல்லூரியில் மேலைநாட்டு நாடக வரலாறு நடத்துகிறேன். நான்காவது சுவரைப் பற்றி ஒரு மாணவர்கூடத் தானாக வாய் திறந்து கேட்டதில்லை. பந்தல் போடுகிற மனிதர் கேட்கிறார்!

"அதுக்கு உயரமே கிடையாதுண்ணே. தரையில இருந்து வானம் வரைக்கும்."

"வானம் வரைக்கும்னா, மேக்கூரை வரைக்கும் வச்சுக்கிருவோமா?"

"வச்சுக்கங்க. உயரமா முக்கியம்? உள்ள நடிக்கிறவங்களுக்கு வெளிய ஆளு இருக்கிறதே தெரியக் கூடாது. அதுதாண்ணே முக்கியம்."

"சுத்தமாத் தெரியக் கூடாதா?"

"சுத்தமா!"

"சரி சார், பாத்துக்கிறேன். நீங்க பதறாம வாங்க."

விளக்கு பச்சையானது. தல்லாகுளம் வரை ஹெல்மெட்டுக்குள் சீட்டியடித்துக்கொண்டே போனேன். நாடகக் கொள்கை மக்களிடம் போய்ச் சேர்ந்துவிட்டது என்று நம்பிய கடைசி நாள் அது.

போன வாரம், வேலைக்கான நேர்காணலில் நாற்காலி உடைந்து நான் தரையில் உட்கார்ந்தபடியே பதில் சொன்ன கதையை எழுதியிருந்தேன். "அடுத்து எதை உடைத்தீர்கள்?" என்று ஒரு வாசகர் அஞ்சலட்டையில் கேட்டிருக்கிறார். ஐயா, இந்த வாரம் எதையும் உடைக்கவில்லை. உடைக்க முடியாமல் போனதுதான் கதை.

ஆமை, இருமல், கத்தி

எங்கள் கல்லூரி நாகமலை புதுக்கோட்டையைத் தாண்டி, ஒரு பக்கம் நெல்வயலும் ஒரு பக்கம் பிளாட் போட்ட வயலுமாக இருக்கிற இடத்தில் இருக்கிறது. மேலைநாட்டு நாடகம் அங்கே விருப்பப் பாடம். யாருடைய விருப்பம் என்று கேட்டால், என்னுடையது.

என் வகுப்பில் மாணவர்கள் கண்விழிக்கும் இடங்கள் மூன்றே மூன்று. கிரேக்கத்தில் ஒரு பெரிய நாடகாசிரியரின் வழுக்கைத் தலையைப் பாறை என்று நினைத்து, கழுகு ஒன்று மேலிருந்து ஆமையைப் போட்டதாம். ஆள் போய்ச் சேர்ந்தார். பிரான்ஸில் நகைச்சுவை நாடகம் எழுதிய ஒருவர், நோய் இல்லாமலே நோய் என்று புலம்புகிறவனாக நடித்துக்கொண்டிருந்தபோது நிஜமாகவே இருமல் முற்றி, அன்றைக்கே கண்ணை மூடினார். இங்கிலாந்தில் ஓர் இளம் நாடகாசிரியர் தகராறில் கத்திக்குத்துப்பட்டுச் செத்தார்.

ஆமை, இருமல், கத்தி. அவ்வளவுதான் பிள்ளைகளின் மனதில் மேலைநாட்டு நாடகம். கிரேக்க நாடகத்தின் வளர்ச்சியை விளக்குக என்ற கேள்விக்கு ஒருவர் இரண்டு பக்கம் ஆமையைப் பற்றி மட்டும் எழுதினார். நன்றாக எழுதியிருந்தார். மதிப்பெண் போட்டேன்.

மற்ற நேரமெல்லாம் நோட்ஸ். நான் சொல்வேன், அவர்கள் எழுதுவார்கள். நான்காவது சுவரும் அந்த நோட்ஸில் ஒரு பத்திதான். கிரேக்கர்கள் மலைச்சரிவில் உட்கார்ந்து பட்டப்பகலில் நாடகம் பார்த்தார்கள். முகமூடி போட்ட நடிகர்கள் ஊருக்கே கேட்கும்படி பேசினார்கள். இங்கிலாந்தில் கொட்டை கொறித்தபடி நின்றுகொண்டே பார்த்த கூட்டத்தைப் பார்த்து நடிகர் தன் மனக்குறையைக் கொட்டுவார். அப்புறம், சுமார் நூற்றைம்பது வருடத்துக்கு முன்னால், ஐரோப்பியர்கள் மேடையையே ஒரு வீட்டின் அறையாக்கினார்கள். பின்னால் ஒரு சுவர், பக்கத்துக்கு ஒன்று. நான்காவது சுவர் பார்வையாளர் பக்கம். அது நிஜத்தில் கிடையாது; ஆனால் இருப்பதாக நினைத்துக்கொண்டு, எதிரே கூட்டம் இருப்பதையே மறந்து நடிக்க வேண்டும்.

இருக்கிறது, ஆனால் இல்லை. எங்கள் கல்லூரி உணவகத்து சாம்பாரில் முருங்கைக்காய் மாதிரி.

பத்து பேர் வேண்டும்

இந்த வருடம் என் பாடத்துக்குப் பெயர் கொடுத்தவர்கள் ஆறு பேர். முதல்வர் கூப்பிட்டு அனுப்பினார். அவர் வேதியியல்காரர், எதையும் அளந்துதான் பேசுவார்.

"சார், பத்து பேர் இல்லாம விருப்பப் பாடம் நடத்த முடியாது. அடுத்த வெள்ளிக்கிழமை மத்தியானம் வரைக்கும் பாப்போம்."

"அப்புறம்?"

"அப்புறம் நீங்க அலுவலகக் கடிதம் எழுதுற பாடத்தை எடுத்துக்கங்க. அதுக்கு நூத்திப்பத்து பேர் நிக்கிறாங்க."

வேலை போகாது. ஆனால் ஓய்வுபெறும் வரை, "ஐயா, கீழே கையொப்பமிட்டுள்ள நான்" என்று பலகையில் எழுதிக்கொண்டிருக்க வேண்டும். எனக்குத் தெரிந்ததும் பிடித்ததும் அந்த ஒரே பாடம். கழுகு என் தலைக்கு மேலேயும் வட்டமிடுவது போல் இருந்தது. தலை அமைப்பும் அதற்கு வசதிதான்.

நான்கு பேரை எப்படிப் பிடிப்பது? ஒரு நாடகம் போட்டுக் காட்டலாம் என்று தோன்றியது. வியாழக்கிழமை பிற்பகல், கல்லூரித் திறந்தவெளி மேடையில், அரை மணி நேரம். மூன்றே நாளில் நானே எழுதினேன். ஓர் அறை, கணவன், மனைவி. கணவனுக்கு அந்த வீட்டில் மூச்சு முட்டுகிறது, கடைசியில் வெளியேறுகிறான். ஐரோப்பியத் தரம்.

மனைவியாக நடிக்க யார் வருவார்கள்? ஆறு பேரில் ஒருவரான ரிஸ்வானா பட்டென்று சொல்லிவிட்டாள். "சார், மைக்கு வேணா பாத்துக்கிறேன். சம்சாரமா நடிச்சேன்னு தெரிஞ்சா எங்கத்தா நாளைக்கே மாப்பிள்ளை பாத்துருவாரு."

பொதுவாக ஐரோப்பா

கடைசியில் என் மனைவி மெர்ஸியின் காலில் விழுந்தேன். தல்லாகுளம் பக்கம் ஒரு மிஷன் பள்ளியில் அவள் ஆசிரியை. சர்ச்சில் கிறிஸ்துமஸ் நாடகம் என்றால் இருபது வருடமாக அவள்தான் தேவதூதன். இறக்கை இப்போதும் எங்கள் பீரோ மேல் இருக்கிறது. அவளுக்கு ஒரே ஒரு சிக்கல்: கூட்டத்தைப் பார்த்தால் நாக்கு ஒட்டிக்கொள்ளும். தேவதூதனுக்கு இரண்டே வரி என்பதால் சமாளித்து வந்தாள். அவளுக்கு எதிரே கணவனாக நடிக்க எந்த மாணவனும் துணியவில்லை. எனக்கோ பழக்கம் இருந்தது.

சமையலறையில் ஒத்திகை. நான் ஆரம்பித்தேன். "அன்பே, இவ்வறையின் காற்று என்னை அழுத்துகிறது."

வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தவள் நிமிர்ந்தாள். "யாரு பேசுறது இது?"

"கணவன்."

"எந்த ஊர்க் கணவன்?"

"பொதுவா, ஐரோப்பா."

"அவன் நாலு பக்கம் பேசுறானே, இவ ஏன் பதில் சொல்லாம நிக்கிறா?"

"அது மௌனம். நவீன நாடகத்துல மௌனம் ரொம்ப முக்கியம், மெர்ஸி."

"உங்களுக்கு வசதியாத்தான் எழுதியிருக்கீங்க" என்று சொல்லிவிட்டு வெங்காயத்துக்குத் திரும்பினாள்.

மாப்பிள்ளை இறங்கும் யந்திரம்

மேடைக்கு மொக்கச்சாமி அண்ணனைத்தான் பிடிக்க வேண்டும் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. அவருடைய கலையை ஒரு கல்யாண மண்டபத்தில் பார்த்திருக்கிறேன்.

பழைய கிரேக்கத்தில், கதை சிக்கிக்கொண்டு அவிழாமல் நின்றால், பாரந்தூக்கி ஒன்றில் கடவுளைக் கட்டி மேலிருந்து இறக்குவார்களாம். கடவுள் வந்து எல்லாவற்றையும் சரிசெய்துவிட்டுப் போவார். மொக்கச்சாமி அண்ணன் அதையே மாப்பிள்ளைக்குச் செய்தார். பூப்பல்லக்கில் மாப்பிள்ளை கூரையிலிருந்து இறங்க வேண்டும். பாதி இறங்கும்போது கரண்ட் போய்விட்டது. ஜெனரேட்டர் வரும் வரை மாப்பிள்ளை தொங்கினார். நாதஸ்வரக்காரர் நிறுத்தாமல் வாசித்தார். "மாப்ள, கீழ பாக்காத!" என்று தோழர்கள் கத்தினார்கள். பெண் மேலே பார்த்துச் சிரித்த சிரிப்பு அந்தக் கல்யாணத்தின் சிறந்த புகைப்படமாக அமைந்தது.

அப்படிப்பட்ட கலைஞரிடம் தேவைகளைத் தாளில் எழுதிக் கொடுத்தேன். மேசை ஒன்று, நாற்காலி இரண்டு, காலண்டர் ஒன்று. பின்சுவர், பக்கச் சுவர்கள். பார்க்கிற தாளில் எல்லாம் நோட்ஸ் எழுதுகிற வியாதி எனக்கு உண்டு. கை தன்பாட்டுக்கு மேலே ஓடியிருக்கிறது: "நான்காவது சுவர்: மிக மிக முக்கியம். இது இல்லாவிட்டால் நாடகமே இல்லை." அடிக்கோடு வேறு, இரண்டு.

அதன்பிறகுதான் கோரிப்பாளையத்தில் அந்தத் தொலைபேசி அழைப்பு.

எல்லாம் அதுலதான் நிக்குது

வியாழக்கிழமை மூன்று மணி. வேட்டி கட்டி, பவுடர் பூசி, மேடையின் பின்பக்க வழியாக நானும் மெர்ஸியும் உள்ளே நுழைந்தோம். ஒரு கணம் எங்கே வந்திருக்கிறோம் என்று புரியவில்லை. அது மேடை இல்லை, வீடு. நாலு பக்கமும் பிளைவுட். ரோஸ் வண்ணம். கூட்டம் இருக்க வேண்டிய பக்கத்தில் தரையிலிருந்து கூரை வரை கனமான சுவர். அதில் கதவு ஒன்று, கம்பி வைத்த ஜன்னல் ஒன்று.

"அண்ணே! என்னது இது?"

"நாலாவது சுவரு."

"இது இருக்கக் கூடாதுண்ணே!"

மொக்கச்சாமி அண்ணன் கோபப்படவில்லை. சட்டைப்பையிலிருந்து என் தாளை எடுத்து விரித்தார். "மிக மிக முக்கியம். யாரு சார் எழுதுனது? ரெண்டு கோடு வேற. போன்லயும் கேட்டேன்ல? சுத்தமா மறைக்கணும்னு நீங்கதான சொன்னீங்க."

"அது... கற்பனைச் சுவர்ண்ணே."

"கற்பனைக்கு எதுக்கு சார் பந்தல்காரன்?"

பதினாறு வருட நோட்ஸை மனதுக்குள் புரட்டிப் பார்த்தேன். அதில் பந்தல்காரர் வரவே இல்லை.

"பிரிச்சிருங்கண்ணே."

"பிரிக்கலாம். மேக்கூரை உங்க தலையில இறங்கும். எல்லாம் அதுலதான் முட்டுக் கொடுத்து நிக்குது." பிறகு சமாதானமாகச் சொன்னார். "அடைச்சாப்புல இருக்கேன்னு நானாத்தான் ஒரு ஜன்னல் வச்சேன். காத்து வரும்."

வெளியே நாற்காலிகள் இழுபடும் சத்தம். முதல்வர் வந்துவிட்டதாக ரிஸ்வானா கதவிடுக்கில் சொன்னாள். சர்ச்சிலிருந்து இரவல் வாங்கிய காலர் மைக்குகள் என் சட்டையிலும் மெர்ஸியின் சேலையிலும் மாட்டியாகிவிட்டது. நாளை மத்தியானத்துக்குள் நான்கு பேர். நான் மெர்ஸியைப் பார்த்தேன். அவள் முகத்தில் இருபது கிறிஸ்துமஸிலும் காணாத நிம்மதி.

"கூட்டமே தெரியல" என்றாள். "நல்லாருக்குங்க. ஆரம்பிங்க."

ஃபேனைப் போடுங்க

மணி அடித்தது. நான் சுவரைப் பார்த்து, "அன்பே, இவ்வறையின் காற்று என்னை அழுத்துகிறது" என்றேன்.

இங்கே மெர்ஸி மௌனமாக இருக்க வேண்டும்.

"அழுத்துச்சுன்னா எந்திரிச்சு ஃபேனைப் போடுங்க" என்றாள்.

சுவருக்கு அந்தப் பக்கம் குபீரென்று சிரிப்பு. எனக்கு வேர்த்தது. அடுத்த வரியை எடுத்தேன். "நான் கண்ட கனவுகள் எல்லாம் இந்தச் சுவர்களுக்குள்..."

"என்ன கனவு? அலமாரி பூரா மேலைநாட்டு நாடகம். துணி வைக்க இடமில்ல. பதினாறு வருஷமா ஊருக்கே பாடம் நடத்துறீங்க. ஒரு நாடகம், ஒரே ஒரு மேலைநாட்டு நாடகம், நேர்ல பாத்திருக்கீங்களா?"

"மெர்ஸி," நான் காற்றுக்கும் கேட்காத குரலில் சொன்னேன், "மைக் ஆன்ல இருக்கு."

அதுவும் மைக்கில் போனது. வெளியே விசில் பறந்தது. தடதடவென்று காலடிச் சத்தம். மேடை ஏறி ஓடி வருகிறார்கள். ஜன்னலில் ஒரு முகம், இரண்டு, ஐந்து. கம்பிகளுக்கு நடுவில் கண்களும் மூக்குகளும். "ஏய் தள்ளுடா, எனக்குத் தெரியல!" "மேடம், சாரை விடாதீங்க!" "சார், கொஞ்சம் இந்தப் பக்கம் திரும்பி அழுங்க!"

நான் அழவில்லை. வேர்வைதான். இதைப் பதிவு செய்துகொள்ளவும்.

இத்தனை முகம் தெரிந்தும் மெர்ஸிக்கு நாக்கு ஒட்டவில்லை. ஜன்னலில் எட்டிப் பார்க்கிறவர்கள் அவளுக்குக் கூட்டமாகப்படவில்லை, பக்கத்து வீட்டுக்காரர்களாகப்பட்டார்கள் என்று பிறகு சொன்னாள். இடுப்பில் கைவைத்து நின்றாள். "கேட்டேன்ல? பாத்திருக்கீங்களா?"

ஐரோப்பியக் கணவனுக்கு அங்கே வசனம் இல்லை. எனக்குத்தான் சொல்ல வேண்டியிருந்தது.

"இல்ல."

"ஒண்ணுகூடவா?"

"ஒண்ணுகூட இல்ல. எங்க போயிப் பாக்கிறது? செக்கானூரணில எங்கப்பாவுக்குத் தெரியாம, மோட்டார் ரூம்ல உக்காந்து படிச்சதுதான். தண்ணி பாச்ச விட்ட நேரத்துல படிச்சு, வரப்பு உடைஞ்சு, அடி வாங்கிருக்கேன்."

"அடி வாங்கி படிக்கிற அளவுக்கு என்ன இருந்துச்சு அதுல?"

"எங்க வீடு இருந்துச்சு, மெர்ஸி. எவனோ எந்தக் காலத்துலயோ, பனி கொட்டுற ஊர்ல உக்காந்து எழுதியிருக்கான். எங்கப்பாவும் சித்தப்பாவும் கிணத்துப் பங்குக்கு அடிச்சுக்கிட்ட மாதிரியே ரெண்டு பேரு அடிச்சுக்கிறாங்க. எங்கம்மா அடுப்பங்கரையில நின்னு முணுமுணுக்கிற மாதிரியே ஒருத்தி முணுமுணுக்கிறா. எப்படிடா இவனுக்குத் தெரிஞ்சதுன்னு ஆகிப்போச்சு."

ஜன்னலில் தள்ளிக்கொண்டிருந்தவர்கள் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள்.

மெர்ஸி கொஞ்சம் இறங்கிய குரலில் கேட்டாள். "இதைப் புள்ளைகள்ட்ட என்னைக்காவது சொல்லிருக்கீங்களா?"

"இல்ல. நோட்ஸ்தான் கொடுத்தேன்."

"நல்லா கொடுத்தீங்க போங்க" என்றாள். அப்போது ஜன்னல் கும்பலை விலக்கிக்கொண்டு, "கொஞ்சம் வழி விடுங்கப்பா" என்று ஒரு முகம் கம்பியில் வந்து பதிந்தது. முதல்வர். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி மாட்டிக்கொண்டார்.

"சண்டை முடிஞ்சிருச்சா? ஜன்னலுக்கு நான் லேட்டா சார்?"

நாடகத்தில் கணவன் கதவைத் திறந்து வெளியேற வேண்டும். திறந்தேன். எதிரே அத்தனை பேரும் நின்றார்கள். வெளியேற இடமே இல்லை. அப்படியே முடிந்தது.

ஆசிரியர் பெயர்

வெள்ளிக்கிழமை காலை முழுக்கத் துறை அறையில் உட்கார்ந்திருந்தேன். பெயர்கொடுக்கும் தாள் அறிவிப்புப் பலகையில் தொங்கியது. எட்டிப் பார்க்கத் தைரியம் இல்லை. ஊரறிய மானம் போனதுதான் மிச்சம் என்று அலுவலகக் கடிதப் பாடப்புத்தகத்தை எடுத்து முதல் பக்கத்தைப் படித்தேன். "ஐயா" என்று ஆரம்பித்தது.

பன்னிரண்டு மணிக்கு முதல்வர் கூப்பிட்டார். மேசைமேல் அந்தத் தாள்.

"பதினேழு" என்றார்.

"சார்?"

"ஆறும் பதினொண்ணும் பதினேழு. பாடம் உண்டு. ஆனா ஒரு சிக்கல் இருக்கு."

தாளை என் பக்கம் திருப்பினார். பெயர், வகுப்பு, பாடம், கடைசிக் கட்டத்தில் ஆசிரியர் பெயர். புதிதாகச் சேர்ந்த பதினொரு பேரும் அங்கே "மெர்ஸி மேடம்" என்று எழுதியிருந்தார்கள். பழைய ஆறு பேரும் என் பெயரை அழகாக அடித்துவிட்டு மேலே "மெர்ஸி மேடம்" என்று திருத்தியிருந்தார்கள். முதல் திருத்தம் ரிஸ்வானா கையெழுத்து.

முதல்வர் அளந்து பேசினார். "மேடம் வேற பள்ளிக்கூடத்துல வேலை பாக்குறாங்க. அதனால விதிப்படி உங்களைத்தான் வச்சு நடத்தியாகணும். வேற வழியில்ல."

வீட்டில் சொன்னேன். மெர்ஸி சிரிப்பை அடக்கச் சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டாள், அடங்கவில்லை. பிறகு, "சனிக்கிழமை எனக்கு லீவுதான், வாரேன். ஆனா யாரும் எழுதிக்கிட்டு உக்காரக் கூடாது, பேசணும். நீங்களும்தான்" என்றாள்.

அப்படியே நடக்கிறது. வாரத்தில் மற்ற நாள் நான். சனிக்கிழமை அவள். பிள்ளைகள் அவரவர் வீட்டுச் சண்டையைப் பேசுகிறார்கள்; அது எந்த நாடகத்தில் வருகிறது என்று நான் கண்டுபிடித்துச் சொல்ல வேண்டும். சில சமயம் தெரியாமல் விழிக்கிறேன். அப்போது எல்லாருக்கும் அப்படியொரு சந்தோஷம்.

சனிக்கிழமை எனக்கு இடம் கடைசி பெஞ்சில். மெர்ஸி வருகைப் பதிவேட்டைத் திறந்து பதினேழு பெயரையும் கூப்பிடுகிறாள். மூடப்போகிற மாதிரிக் காட்டி, மூடாமல், கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்துப் பதினெட்டாவது பெயரையும் கூப்பிடுகிறாள்.

எழுந்து நின்று, "உள்ளேன் அம்மா" என்கிறேன்.